நாலு நிறக் கட்டத்துக்கு ஒரே கடை

கேள்வி: என் மகன் எட்டாம் வகுப்பு, மகள் மூன்றாம் வகுப்பு. இத்தனை நாள் வெள்ளைச் சட்டை, சாம்பல் நிறக் கீழாடை என்று எங்கு கிடைத்தாலும் வாங்கிக்கொண்டிருந்தோம். அடுத்த கல்வியாண்டிலிருந்து எல்லாம் மாறுகிறது. நாலு நிறக் கட்டம் போட்ட சட்டை, அதன் பாக்கெட்டில் பள்ளிச் சின்னம், பிளேசர், சின்னம் போட்ட காலுறை, விளையாட்டுக்குத் தனி உடை. பள்ளி சொல்லும் ஒரே கடையில்தான் வாங்க வேண்டும். செலவு ஏறக்குறைய மூன்று மடங்கு. "ஒழுக்கம் வரும், ஏழை பணக்காரர் வித்தியாசம் மறையும்" என்கிறார் தலைமையாசிரியர். பெற்றோர் குழுவுக்கு நான் புதிது. எதிர்த்துப் பேசினால் பிள்ளைகளுக்கு ஏதாவது சிக்கல் வருமோ என்று பயமாக இருக்கிறது. துணித் தொழிலில் இருந்தவர் நீங்கள். இந்த விலை நியாயமா? நான் என்ன கேட்கலாம்?

அன்புள்ள சகோதரிக்கு,

உங்கள் பட்டியலில் காலுறை வந்த இடத்தில் நின்றுவிட்டேன். பாதி ஷூவுக்குள்ளும் மீதி பேண்ட்டுக்குள்ளும் மறைந்து கிடக்கிற சாமானுக்குச் சின்னம் எதற்கு? பதினெட்டு வருடம் ஆடைத் தொழிற்சாலையில் காஸ்டிங், அதாவது அடக்க விலைக் கணக்கு, பார்த்தவன் நான், அதில் பெரும்பகுதி பள்ளிச் சீருடை. காலுறைக்கும் சின்னம் கேட்டு ஆர்டர் வந்தால் எங்கள் மேசையில் ஒருவரை ஒருவர் பார்த்துச் சிரித்துக்கொள்வோம். இந்தப் பெற்றோர் வேறு எந்தக் கடைப் பக்கமும் போக முடியாது என்று அதற்கு அர்த்தம்.

விலை நியாயமா என்று கேட்கிறீர்கள். நீங்கள் எழுதிய விவரப்படி தைத்தால் செலவு கூடத்தான் செய்யும். அதனால் கடைக்காரர் கொள்ளையடிக்கிறார் என்று எடுத்த எடுப்பில் பேசிவிடாதீர்கள். அவர் கணக்கை எடுத்து வைத்துவிட்டால் உங்களால் மேலே பேச முடியாது. அப்படி ஒரு சட்டையை யார் முடிவு செய்தார்கள், எதற்காக என்று கேளுங்கள். விலை அங்கேதான் ஏறுகிறது.

அந்தக் கட்டத் துணியையே எடுத்துக்கொள்வோம். சாதாரணச் சட்டையின் அடக்க விலையில் பெரும்பாலும் பாதிக்கு மேல் துணிதான். வெள்ளையும் சாம்பலும் ஆலைகளில் வருடம் முழுக்க ஓடுகிற சரக்கு. ஆயிரம் பேர் வாங்குவார்கள், பத்து ஆலைகள் நெய்யும், விலை தானாகக் கட்டுக்குள் இருக்கும். உங்கள் நாலு நிறக் கட்டம் உங்கள் பள்ளிக்கு மட்டும். அதற்கு நூலை முதலில் நாலு நிறத்தில் தனித்தனியாகச் சாயம் போட வேண்டும். அப்புறம் தறியில் நீளவாக்கில் ஓடும் பாவு நூலை இத்தனை வெள்ளை, இத்தனை நீலம், ஒரு மஞ்சள் என்று வரிசை எண்ணிச் சுற்ற வேண்டும். குறுக்கே ஓடும் ஊடை நூலிலும் அதே கணக்கு. இவ்வளவு ஏற்பாட்டையும் கொஞ்சம் துணிக்காகச் செய்ய ஆலைக்குக் கட்டுப்படியாகாது. குறைந்தபட்சம் இத்தனை ஆயிரம் மீட்டர் எடுத்தால்தான் தறி ஓடும் என்பார்கள். தேவைக்கு மேல் துணி எடுத்துக் கிடங்கில் போட வேண்டியதுதான். துணி வந்த பிறகு வெட்டும் மேசையில் இன்னொரு செலவு. பொத்தான் பட்டியில் இடப்பக்கக் கோடும் வலப்பக்கக் கோடும் சேர வேண்டும், பாக்கெட்டின் கட்டம் சட்டையின் கட்டத்தோடு பொருந்த வேண்டும். அதற்காகத் தள்ளித் தள்ளி வெட்டும்போது துணி வீணாகும். வெள்ளைச் சட்டையில் இந்தத் தொல்லை எதுவுமே கிடையாது.

ஒருமுறை ஒரு பள்ளி, கட்டத்தில் ஓடிய மஞ்சள் கோட்டைத் தங்க நிறமாக மாற்றச் சொன்னது. குண்டூசி தடிமன்கூட இல்லாத கோடு. பழைய கோட்டோடு தைத்து வைத்திருந்த சட்டைகள் அப்படியே நின்றுபோயின. வேறு யாருக்கும் விற்க முடியாது, பாக்கெட்டில் சின்னம் இருக்கிறதே. கடைசியில் மெஷின் துடைக்கும் துணியாக எடைக்குப் போட்டோம். அந்த நஷ்டத்தை நாங்கள் ஏற்றுக்கொண்டோமா? அடுத்த வருட விலைக்குள் பிரித்துப் போட்டோம். பெற்றோர் ஒன்றும் கேட்காமல் கொடுத்தார்கள். கேட்பதற்கு அவர்களுக்கு ஒன்றும் தெரியவும் வழியில்லை.

சின்னம் பின்னுவதும் இதே மாதிரிதான். எம்பிராய்டரிக்கு ஆயிரம் தையலுக்கு இவ்வளவு என்று கூலி. சின்னத்துக்குள் புத்தகம், விளக்கு, பறவை, பொன்மொழி என்று எல்லாவற்றையும் அடைத்தால் தையல் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போகும். ஆனாலும் பின்னல் கூலி பெரிய தொகை இல்லை. அந்தச் சின்னம் விழுந்த நிமிடத்திலிருந்து அந்தச் சட்டை ஒரே ஒரு பள்ளியின் சட்டை ஆகிவிடுகிறது, செலவு அதில்தான். மிஞ்சினால் அது குப்பை.

இந்த இடத்தில் கடைக்காரர் பக்கத்தையும் சொல்லியாக வேண்டும். பள்ளி திறப்பதற்கு முந்தைய சில வாரங்களில்தான் அவருக்கு விற்பனை. துணிக்கான பணத்தை அவர் பல மாதம் முன்பே போட்டிருப்பார். மிகச் சிறிய பிள்ளையிலிருந்து ஆறடி வளர்ந்த பையன் வரை எல்லா அளவும் கையில் இருக்க வேண்டும். இரண்டே பேருக்குத் தேவைப்படும் அளவுக்கும் அவர் ஐந்தாறு உருப்படி தைத்து வைப்பார். இத்தனை ஆபத்தையும் எடுக்கிறவர், "எனக்கு மட்டும் கொடுங்கள்" என்று பள்ளியிடம் கேட்பதில் வியப்பில்லை. வெள்ளையும் சாம்பலுமாக இருந்தால் அவருக்கு அந்த ஆபத்தே இல்லை என்பதையும் சேர்த்துப் பாருங்கள். இந்த வருடம் விற்காததை அடுத்த வருடம் எந்தப் பள்ளிப் பிள்ளைக்கும் விற்கலாம்.

இன்னொரு விஷயம், கொஞ்சம் கூச்சமானது. ஒரே கடை ஏற்பாடுகள் சிலவற்றில் பள்ளிக்கு ஒரு பங்கு போகும். கமிஷன் என்று யாரும் எழுத மாட்டார்கள். நன்கொடை, விழாச் செலவு, விளையாட்டுப் பொருள் என்று ஏதாவது ஒரு பெயரில் இருக்கும். உங்கள் பள்ளியில் அப்படி நடக்கிறது என்று நான் சொல்லவில்லை. கேட்பதில் தவறும் இல்லை.

இது உங்கள் ஒருவருடைய குறை இல்லை. இங்கிலாந்தில் இதற்காகவே 2021இல் சட்டம் கொண்டுவந்தார்கள். அதன்கீழ் அதே ஆண்டு நவம்பரில் வந்த வழிகாட்டுதல், சின்னம் போட்ட உருப்படிகளை மிகக் குறைவாக வைக்கச் சொன்னது. ஒரே விற்பனையாளரோடு ஒப்பந்தம் போடுவதைத் தவிர்க்க வேண்டும், போட்டே ஆக வேண்டுமென்றால் குறைந்தது ஐந்து வருடத்துக்கு ஒருமுறை வெளிப்படையாக மறுபடி விலை கேட்க வேண்டும், பழைய சீருடை பெற்றோருக்குக் கிடைக்க வழி செய்ய வேண்டும் என்றும் சொன்னது. ஜப்பானில் வணிகப் போட்டியைக் கண்காணிக்கும் ஆணையம் 2017இல் அரசு நடுநிலைப் பள்ளிகளின் சீருடை வியாபாரத்தை ஆராய்ந்து அறிக்கை வெளியிட்டது. விற்பனையாளர்களுக்குள் போட்டி வரும்படி பள்ளிகள் நடந்துகொள்ள வேண்டும் என்பதுதான் அதன் சாரம். குழுவில் பேசும்போது இவற்றைச் சொல்லலாம். அங்கெல்லாம் அரசே கேட்ட கேள்வியைத்தான் நீங்களும் கேட்கிறீர்கள்.

சரி, தலைமையாசிரியர் சொன்ன ஒழுக்கத்துக்கு வருவோம். இது என் தொழில் இல்லை. ஆனால் சீருடை விற்கிறவன் என்ற முறையில் இந்த ஆய்வுகளை நானும் தேடிப் படித்தேன், எங்கள் விளம்பரத்துக்கு ஏதாவது கிடைக்குமா என்ற ஆசையில்தான். கிடைத்தது கொஞ்சம்தான். எல்லோரும் காட்டும் உதாரணம் அமெரிக்காவின் லாங் பீச் நகரம். 1994இல் அங்குள்ள அரசுப் பள்ளிகளில் தொடக்க, நடுநிலை வகுப்புகளுக்குச் சீருடையைக் கட்டாயமாக்கினார்கள். சண்டையும் குற்றமும் குறைந்ததாகக் கணக்கு வந்தது. 1996 ஜனவரியில் அதிபர் பில் கிளின்டன் நாடாளுமன்ற உரையிலேயே சீருடைக்கு ஆதரவாகப் பேசினார். ஆனால் அதே காலத்தில் அந்தப் பள்ளிகளில் வேறு மாற்றங்களும் நடந்தன. எதனால் எது குறைந்தது என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. 1998இல் டேவிட் பிரன்ஸ்மா, கெரி ஆன் ராக்கமோர் என்ற இரு ஆய்வாளர்கள் பத்தாம் வகுப்பு மாணவர்களின் தேசிய அளவிலான தரவுகளை எடுத்துப் பார்த்தார்கள். வருகை, நடத்தை, போதைப் பழக்கம் எதிலும் சீருடையால் நேரடி மாற்றம் தெரியவில்லை. 2022இல் வந்த இன்னோர் அமெரிக்க ஆய்வு, மழலை வகுப்பிலிருந்து ஐந்தாம் வகுப்பு வரை ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகளைத் தொடர்ந்து பார்த்தது. நடத்தையில் வித்தியாசம் இல்லை. வசதி குறைந்த வீட்டுப் பிள்ளைகளின் வருகை மட்டும் சற்றே கூடியிருந்தது, அதுவும் வருடத்துக்கு ஒரு நாளுக்கும் குறைவாக. "இது என் பள்ளி" என்ற ஒட்டுதல், சீருடை உள்ள பள்ளிகளில் ஐந்தாம் வகுப்புப் பிள்ளைகளுக்குக் கொஞ்சம் குறைவாகவே இருந்தது. உங்கள் பள்ளியில் ஏற்கெனவே சீருடை இருக்கிறது. வெள்ளைச் சட்டையில் வராத ஒழுக்கம் கட்டம் போட்ட சட்டையில் எப்படி வரும் என்பதை யாராவது எனக்கு விளக்கினால் நல்லது.

சமத்துவம் பற்றி எனக்கு இரண்டு மனது உண்டு. காலையில் என்ன உடுத்துவது என்ற தகராறு இல்லாதது நிஜமான வசதி. ஒரே மாதிரி உடையில் யார் வீட்டில் எவ்வளவு இருக்கிறது என்று பளிச்சென்று தெரியாது, அதுவும் உண்மை. ஆனால் சீருடை பிறந்த கதை அப்படித் தொடங்கவில்லை. 1552இல் லண்டனில் ஏழைப் பிள்ளைகளுக்காக ஏற்பட்ட கிறைஸ்ட்ஸ் ஹாஸ்பிடல் பள்ளியில் நீள நீலக் கோட்டும் மஞ்சள் காலுறையும் கொடுத்தார்கள். பின்னாளில் இங்கிலாந்தில் தர்மப் பள்ளிகளுக்கே நீலக்கோட்டுப் பள்ளி என்று பெயர் வந்தது. ஏழை என்று அடையாளம் காட்டிய உடை அது. இன்றைக்கும் விலை கூடிய சீருடை அதே வேலையைச் செய்யும். மூன்று செட் வாங்கியவன் தினமும் மொடமொடப்பாக வருவான். ஒரே செட் வாங்கியவன் முதல்நாள் துவைத்தது காயாமல் ஈரத்தோடு வருவான், அல்லது வரவே மாட்டான்.

வரவே மாட்டான் என்பது மிகை இல்லை. கென்யாவில் சில பள்ளிகளில் சீருடையை இலவசமாகக் கொடுத்துச் சோதித்தார்கள். பள்ளிக்கு வராத நாட்கள் சராசரியாக 37 விழுக்காடு குறைந்தன. முன்பு சீருடையே இல்லாத பிள்ளைகளிடம் 55 விழுக்காடு. எட்டு வருடம் கழித்துப் போய்ப் பார்த்தபோது படிப்பு முடித்தவர்கள் எண்ணிக்கையில் அந்தப் பலன் மிஞ்சவில்லை என்பதையும் அதே ஆய்வாளர்கள் மறைக்காமல் எழுதியிருக்கிறார்கள். ஆனாலும் பாருங்கள், துணியில் ஒழுக்கம் இருக்கிறதோ இல்லையோ, துணி வாங்க முடியாதது ஒரு பிள்ளையைப் பள்ளி வாசலில் நிறுத்திவிடும். உங்கள் தலைமையாசிரியரிடம் நான் ஒன்றே ஒன்றைச் சொல்வதென்றால் இதைத்தான் சொல்வேன்.

இனி துணியின் தரம். இங்கே என் பாவக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன். உங்கள் வீட்டில் பழைய பேண்ட் இருந்தால் காலடி மடிப்பைப் பிரித்துப் பாருங்கள். ஒரு காலத்தில் உள்ளே ஆறு சென்டிமீட்டர் துணி மடித்து விட்டிருப்போம். இப்போது பெரும்பாலும் இரண்டுதான். பிள்ளைகள் ஐந்து வயதுக்கு மேல் வருடத்துக்கு ஐந்தாறு சென்டிமீட்டர் உயர்கிறார்கள், அதில் ஏறக்குறைய பாதி காலில். ஆறு சென்டிமீட்டர் மடிப்பு இருந்தால் ஒவ்வொரு வருடமும் கொஞ்சம் பிரித்துவிட்டு இரண்டு வருடம் ஓட்டலாம். இரண்டு சென்டிமீட்டர் என்றால் வருடத்துக்கு ஒரு பேண்ட். மடிப்பைக் குறைத்தால் ஒரு பேண்ட்டுக்கு இரண்டு விரல் அகலத் துணி மிச்சம், பத்தாயிரம் பேண்ட்டுக்கு எவ்வளவு மிச்சம் என்று காகிதத்தில் போட்டுக் காட்டியவன் நான்தான். மேலதிகாரி முதுகில் தட்டிக் கொடுத்தார். என் மகனுக்கு அதே பேண்ட் எட்டு மாதத்தில் கணுக்காலுக்கு மேல் ஏறியபோது வீட்டில் வாயே திறக்கவில்லை.

அதனால் குழுவில் விலையைப் பற்றி மட்டும் பேசாதீர்கள், மடிப்பையும் கேளுங்கள். பேண்ட்டுக்கும் பாவாடைக்கும் ஐந்தாறு சென்டிமீட்டர், பேண்ட்டின் பின்தையலில் இடுப்பைப் பெரிதாக்க இரண்டு மூன்று சென்டிமீட்டர் உள்துணி. இதற்கு ஆகும் கூடுதல் செலவு மிகச் சொற்பம். பிளேசரை நான் கேட்கவே மாட்டேன். உள்துணி, விறைப்புக்கு வைக்கும் கேன்வாஸ், தோள்பட்டை என்று தைப்பதிலேயே அதிக வேலை பிடிக்கும் உருப்படி அதுதான். பிள்ளை அதைக் கையில் பிடித்துக்கொண்டுதான் திரிவான்.

மாதிரித் துணி கிடைத்தால் நீங்களே சோதிக்கலாம், ஆய்வகம் தேவையில்லை. அழியாத மையால் 25 சென்டிமீட்டர் சதுரம் ஒன்று வரையுங்கள். மூன்று முறை துவைத்துக் காயவைத்து மறுபடி அளந்து பாருங்கள். முக்கால் சென்டிமீட்டருக்கு மேல் குறைந்திருந்தால் வேண்டாம். வெள்ளைக் கைக்குட்டையை நனைத்து அடர்நிறக் கோட்டின்மேல் இருபது முறை அழுத்தித் தேயுங்கள், சாயம் ஏறினால் முதல் துவையலிலேயே வெள்ளைக் கட்டமும் நிறம் மாறிவிடும். பாலியெஸ்டர் 65, பருத்தி 35 கலந்த துணி சீக்கிரம் காயும், இஸ்திரி அதிகம் கேட்காது. ஒரே செட் வைத்திருக்கும் வீட்டுக்கு அது பெரிய உதவி. ஆனால் வெயில் நாளில் உடம்போடு ஒட்டும், நாள்பட உருண்டை உருண்டையாகத் திரளும். முழுப் பருத்தி உடம்புக்குச் சுகம், கசங்கும், காய நேரமாகும். நான் என்றால் சட்டைக்குப் பருத்தி கூடுதலாக உள்ள கலவையும் பேண்ட்டுக்குப் பாலியெஸ்டரோடு விஸ்கோஸ் (மரக்கூழிலிருந்து எடுக்கும் இழை) கலந்த துணியும் சொல்வேன். "கறையே படியாது" என்று பெருமையாக விற்கும் துணியை மட்டும் தவிர்த்துவிடுங்கள். 2022இல் அமெரிக்கா, கனடா சந்தைகளில் விற்ற அப்படிப்பட்ட சீருடைகளைச் சோதித்தபோது பி.எஃப்.ஏ.எஸ். எனப்படும், எளிதில் சிதையாத வேதிப்பொருட்கள் இருந்தன. கறை படிந்தால் படியட்டும், பிள்ளைதானே.

உங்கள் மகளுக்குப் பாவாடை மட்டும்தானா, பேண்ட்டும் உண்டா என்று எழுதவில்லை. கேட்டுவிடுங்கள். 2024இல் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தினர் 135 நாடுகளில் பத்து லட்சத்துக்கும் மேற்பட்ட பிள்ளைகளின் தரவுகளைப் பார்த்தார்கள். பெரும்பாலான பள்ளிகளில் சீருடை கட்டாயமாக உள்ள நாடுகளில், நாளுக்குச் சராசரியாக 60 நிமிடம் ஓடியாடும் பிள்ளைகள் குறைவு. தொடக்கப் பள்ளி வயதில் பையன்களுக்கும் பெண் பிள்ளைகளுக்கும் இடையிலான இடைவெளியும் அங்கே அதிகம். உடைதான் காரணம் என்று அந்த ஆய்வு நிரூபிக்கவில்லை. ஆனால் மூன்றாம் வகுப்புப் பெண் குழந்தை பாவாடையை ஒரு கையால் பிடித்துக்கொண்டு சறுக்குமரம் ஏறுவதை நீங்களும் பார்த்திருப்பீர்கள். விளையாட்டு உடையையே வாரத்தில் எல்லா நாளும் போட அனுமதித்தால் என்ன என்றும் கேட்கலாம். இரண்டு செட் செலவு ஒன்றாகிவிடும்.

பிள்ளைகளுக்குச் சிக்கல் வரும் என்ற பயம் நியாயமானது. தனியாகப் போகாதீர்கள். ஐந்தாறு பெற்றோர் கையெழுத்துப் போட்ட ஒரு பக்கக் கடிதம் போதும், சீருடையை எதிர்க்கும் கடிதமாக அது இருக்க வேண்டாம். பள்ளி அடையாளம் வேண்டும் என்பதை ஏற்றுக்கொண்டே தொடங்குங்கள். அப்புறம் கேளுங்கள்: கட்டத்துக்குப் பதில் ஆலையில் எப்போதும் ஓடும் ஒற்றை நிறம் வைத்து, பள்ளி நிறத்தை டையிலோ பெல்ட்டிலோ காட்டினால் போதாதா? சின்னத்தைத் தனி பேட்ச்சாகப் பள்ளியே விற்றால் வீட்டில் தைத்துக்கொள்ள மாட்டோமா? துணி விவரத்தை, அதாவது கலவை, சதுர மீட்டருக்கு எத்தனை கிராம் என்ற எடை, நிற எண் மூன்றையும் அறிவிப்புப் பலகையில் போட்டால் எந்தக் கடையும் எந்தத் தையல்காரரும் தைத்துத் தரலாமே? கடையோடு ஒப்பந்தம் எத்தனை வருடம், எத்தனை பேரிடம் விலை கேட்டார்கள், பள்ளிக்கு அதில் ஏதாவது வருகிறதா? பழைய சீருடையை இன்னும் இரண்டு வருடம் போட்டு வரலாமா?

கடைசிக் கேள்வியில் விட்டுக்கொடுக்காதீர்கள். மற்றதில் பாதி கிடைத்தாலே பெரிது. ஆனால் இரண்டு வருட அவகாசம் கிடைத்துவிட்டால் பழைய சட்டை கிழியும் வரை யாரும் புதிதாக வாங்க வேண்டியதில்லை. உங்கள் பெரியவன் அதற்குள் பத்தாம் வகுப்பு போய்விடுவான். அவனுடைய பழைய வெள்ளைச் சட்டைகளைத் தூக்கிப் போடாமல் வைத்திருங்கள், குழு அசைந்து கொடுத்து வெள்ளையே நீடித்தால் யாராவது ஒரு பிள்ளைக்கு ஆகும்.

அந்தக் கட்டத் துணியின் மாதிரி பள்ளி அலுவலகத்தில் இருக்கும். ஓரத்திலிருந்து ஒரு சாண் வெட்டித் தரச் சொல்லி எனக்கு அனுப்புங்கள். நூலைப் பிரித்துப் பார்த்து, அது எந்த ரகம், அதே துணி ஒற்றை நிறத்தில் நெய்தால் செலவு எவ்வளவு குறையும் என்று எழுதுகிறேன். கூட்டத்துக்கு அதையும் எடுத்துக்கொண்டு போகலாம்.